மஞ்சள் கயிறும் சயாம் ரயிலும்

தோட்டத்துப் பெண்ணுக்குக் கல்யாணம் ஆனதற்கு என்ன அத்தாட்சி? இன்றைய பிள்ளைகளைக் கேட்டால் பதிவு இலாகா கொடுத்த சான்றிதழை எடுத்துக் காட்டுவார்கள். நல்லது, காட்டட்டும். ஆனால் அந்தக் காகிதம் நமக்குக் கட்டாயமானது 1982ஆம் ஆண்டு மார்ச் மாதம் முதல் தேதியிலிருந்துதான். 1976இல் இயற்றிய திருமணச் சட்டம் அன்றுதான் நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன்னால் மாரியம்மன் கோவில் வாசலில் நாலு பேர் பார்க்கக் கட்டிய கயிறுதான் அத்தாட்சி. அதுவே பதிவு, அதுவே சாட்சி, அதுவே சட்டம்.

அந்தக் கயிற்றுக்கு ஒரு பெரிய சோதனை வந்தது. ஜப்பான்காரன் நாட்டைப் பிடித்து வைத்திருந்த மூன்றரை ஆண்டுக் காலம் அது. அந்தக் காலத்தைப் பற்றிப் பேசும்போது நாம் பசியைப் பேசுகிறோம், மரவள்ளிக்கிழங்கைப் பேசுகிறோம், சயாம் மரண ரயிலைப் பேசுகிறோம். 1943 ஜூலையில் நேதாஜி சிங்கப்பூர் வந்ததையும், தோட்டத்துப் பெண்கள் ஜான்சி ராணிப் படையில் துப்பாக்கி தூக்கியதையும் பெருமையோடு பேசுகிறோம். பேச வேண்டியதுதான். ஆனால் லயத்து வாசலில் உட்கார்ந்து, போன புருஷன் வருவானா என்று சடக்கையே பார்த்துக்கொண்டிருந்தாளே ஒருத்தி, அவளைப் பற்றி எழுதியவர்கள் எத்தனை பேர்? இந்த வாரம் அவளைப் பற்றிப் பேசுவோம்.

மணியும் மாறியது, வருஷமும் மாறியது

1941 டிசம்பர் 8ஆம் தேதி கோத்தா பாருவில் ஜப்பான் படை கரை இறங்கியது. 1942 ஜனவரி 11ஆம் தேதி கோலாலம்பூர் விழுந்தது. பிப்ரவரி 15ஆம் தேதி சிங்கப்பூரில் வெள்ளைக்காரன் சரணடைந்தான். எழுபதே நாளில் எல்லாம் முடிந்தது.

தோட்டத்துத் துரைமார்கள் அதற்கு முன்பே பங்களாவைப் பூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். கிராணியும் கங்காணியும் தொழிலாளர்களும் மட்டும் மிச்சம். ரப்பர் வாங்கிய ஐரோப்பாவுக்கும் அமெரிக்காவுக்கும் கப்பல் இல்லை. பால் வெட்டி யாருக்குக் கொடுப்பது? பல தோட்டங்களில் பெரட்டு மணி அடிப்பதே நின்று போயிற்று. நாட்டுக்கு வேண்டிய அரிசியில் பெரும் பங்கு பர்மாவிலிருந்தும் சயாமிலிருந்தும் வந்தது. அதுவும் குறைந்தது. கித்தாக் காட்டை அழித்துக் கிழங்கு நட்டார்கள். துணி இல்லாதவர்கள் கோணிச் சாக்கைக் கிழித்துக் கட்டிக்கொண்டார்கள்.

ஜப்பான்காரன் கடிகாரத்தைத் தோக்கியோ நேரத்துக்குத் திருப்பினான். ஒன்றரை மணி நேரம் முன்னால் ஓடியது நம் காலம். 1942 என்ற ஆண்டு 2602 ஆயிற்று. சிங்கப்பூர் ஷோனான் ஆயிற்று. வாழைமரம் போட்ட நோட்டு காசாயிற்று. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் காலையில் சக்கரவர்த்தி இருக்கும் திசை பார்த்துக் குனிந்து வணங்கிவிட்டு ஜப்பான் எழுத்துப் படித்தார்கள்.

மணி, வருஷம், ஊர்ப் பெயர், காசு, பாடம் என்று ஐந்தையும் மாற்றிவிட்டான். லயத்து வீட்டுக்குள்ளே என்ன ஆயிற்று?

பக்கத்து நிரைக்காரர்

நாம் பிறந்து வளர்ந்த தோட்டம் சிலாங்கூரில் கடலோரப் பக்கம். இன்று அங்கே மாடி வீடுகள் நிற்கின்றன. பால் கொட்டகை இருந்த இடம் கார் நிறுத்துமிடம். நாம் சிறுபிள்ளையாக இருந்தபோது அங்கே கடைசி லயத்தில் ஒரு பாட்டி இருந்தார். பெயர் வேண்டாம், பேரன் பேத்திகள் நல்லபடியாக இருக்கிறார்கள். சாயங்காலம் வெற்றிலை இடித்துக்கொண்டே அவர் சொன்ன கதை இது. அப்போது நமக்கு அது கதை மட்டுமே. பொருள் விளங்க நாற்பது வயதாயிற்று.

பாட்டிக்கு அப்போது பதினேழு வயது. பால்வெட்டுக்காரி.

"பக்கத்து நெரதான் அவரு. நான் மங்கைத் தொடச்சிக்கிட்டே போவேன், அவரு வெட்டிக்கிட்டே வருவாரு. ஒரு வருசம் ஒரு வார்த்தை பேசினதில்ல. ஒரு நாளு எனக்குக் காய்ச்சல். போயிப் பாக்கிறேன், என் நெரையில நாப்பது மரத்த அவரு வெட்டி வச்சிருக்காரு. அம்புட்டுத்தான் தம்பி. அதுக்கு மேல என்ன பேச்சு வேணும்?"

இரண்டு வீடும் வேறு வேறு சாதி. ஒரே கப்பலில் வந்தவர்கள்தாம். ஒரே கங்காணி கூட்டி வந்த ஆட்கள்தாம். ஆனாலும் ஒரு வீட்டுத் தண்ணீர் இன்னொரு வீட்டில் புழங்காது. விஷயம் தெரிந்து இரண்டு பக்கமும் அரிவாள் தூக்கியது. பையனின் தாயார் மண்ணை வாரித் தூற்றினாராம். அத்தோடு முடிந்த சங்கதி என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள்.

அந்த நேரத்தில் ஜப்பான்காரன் வந்தான். பட்டாளத்தான் தோட்டத்துக்குள் நுழைகிறான் என்றால் பெண் பிள்ளைகளைக் கித்தாக் காட்டுக்குள் ஓட்டிவிடுவார்கள். தலைமுடியை ஒட்ட வெட்டி, முகத்தில் அடுப்புக் கரியைப் பூசி, ஆம்பிளைச் சட்டை போட்டு மறைத்தார்கள். கல்யாணமாகாத குமரி வீட்டில் இருந்தால் ஆபத்து என்ற பேச்சு தோட்டத்துக்குத் தோட்டம் பரவிற்று. கிடைத்த மாப்பிள்ளைக்குக் கிடைத்த நாளில் கட்டி வைத்தார்கள்.

பாட்டியின் தகப்பனார் ஒரு ராத்திரி, விளக்கு இல்லாமல், தாமாகவே அந்த வீட்டுக் கதவைத் தட்டினாராம். "என் பொண்ணை உன் மகனுக்கே கட்டிக்க" என்றாராம். சமாதான காலத்தில் தலை போனாலும் நடந்திராத கல்யாணத்தைப் பயம் நடத்தி வைத்தது! மகன் பிடிவாதத்தால் தாயாரும் இறங்கி வந்தார். ஆனால் ஒரு நிபந்தனை போட்டார். "கட்டிக்க. ஆனா அவ என் அடுப்பத் தொடக் கூடாது."

பொன் இல்லை. இருந்ததையும் அரிசிக்கு மாற்றியாயிற்று. லயத்துக் கொல்லையில் தோண்டி எடுத்த மஞ்சளில் ஒரு துண்டு. அதைக் கயிற்றில் முடிந்து மாரியம்மன் கோவிலில் தாலி கட்டினார்கள். கூறைப்புடவை இரவல். விருந்து, அவித்த மரவள்ளியும் கருவாடும். "மேளம் கெடையாது. பட்டாளத்துக்காரன் காதில விழுந்திடும்னு கெழவிங்க குலவை போடக்கூட பயந்தாங்க" என்று பாட்டி சிரித்துக்கொண்டே சொல்வார்.

"மூணு மாச வேலை"

1943ஆம் ஆண்டு பிறந்தது. சயாமில் பான் போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தான்பியூசாயாட் வரைக்கும் 415 கிலோமீட்டர் தூரம் காடும் மலையும் வெட்டி ரயில் பாதை போட்டுக்கொண்டிருந்தான் ஜப்பான்காரன். வெள்ளைக்காரக் கைதிகள் மட்டும் போதவில்லை. மலாயாத் தோட்டங்களின் பக்கம் திரும்பினான்.

மூன்று மாத வேலை, நாளுக்கு ஒரு வெள்ளி சம்பளம், வீடு, மருந்து எல்லாம் இலவசம் என்று விளம்பரம் வந்தது. போனவர்கள் திரும்பவில்லை. அதனால் மேற்கொண்டு ஆள் கிடைக்கவில்லை. பிறகு தோட்டத்துக்கு இத்தனை ஆள் என்று கணக்குப் போட்டுக் கேட்டார்கள். இலவசப் படம் என்று சொல்லிக் கொட்டகைக்குள் விட்டு, கதவை அடைத்து, லோரியில் ஏற்றிய கதையும் உண்டு. மலாயாவிலிருந்து 75,000 பேருக்கு மேல் போனார்கள். பெரும்பாலோர் நம் தமிழர்கள்.

பாட்டியின் புருஷன் பெயரும் பட்டியலில் இருந்தது. "கம்பிச் சடக்குப் போடுற வேலை, மூணு மாசந்தான், தீவாளிக்கு வந்திடுவேன்னாரு. லோரியில ஏறிக்கிட்டு என்னைப் பாக்கல, அவுங்க ஆத்தாளத்தான் பாத்தாரு. 'ரெண்டு பேரும் சண்ட போடாம இருங்க'ன்னாரு. அதான் கடைசிப் பேச்சு."

சாமான் ஏற்றும் ரயில் பெட்டியில் அடைத்துக் கொண்டு போனார்கள். பான் போங்கில் இறக்கிக் காட்டுக்குள் நடக்க விட்டார்கள். மழைக்காலம் தொடங்கியது, காலரா வந்தது. கைதிகளோடு அவர்களுடைய டாக்டர்கள் இருந்தார்கள். நம் ஆட்களுக்கு யார் இருந்தார்கள்? 1943 அக்டோபர் 17ஆம் தேதி தண்டவாளம் இரண்டு பக்கத்திலிருந்தும் வந்து ஒன்று சேர்ந்தது. மலாயாத் தொழிலாளர்களில் எத்தனை பேர் மாண்டார்கள் என்பதில் கணக்குகள் வேறுபடுகின்றன. குறைத்துச் சொல்கிற கணக்கே 29,000க்கு மேல் என்கிறது.

விதவையா, சுமங்கலியா?

1945 ஆகஸ்டு 15ஆம் தேதி ஜப்பான் பணிந்தது. வாழைமர நோட்டு அடுப்பெரிக்க உதவியது. அந்த ஆண்டுக் கடைசியிலும் மறு ஆண்டிலும் சயாமிலிருந்து ஆட்கள் திரும்பினார்கள். ஒவ்வொரு லோரி வரும்போதும் லயமே சடக்குக்கு ஓடும். எலும்பும் தோலுமாக இறங்குகிறவர்களின் சட்டையைப் பிடித்துக்கொண்டு, "எங்க வீட்டுக்காரரைப் பாத்தீங்களா? எம் மவனைப் பாத்தீங்களா?" என்று கேட்பார்கள். நம் தோட்டத்துக்குத் திரும்பியவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

பாட்டியின் புருஷனோடு ஒரே கொட்டகையில் கிடந்தவர் ஒருவர் வந்தார். அவர் சொன்னது இரண்டே வாக்கியம். "காலராக் கொட்டாயிக்குத் தூக்கிட்டுப் போனாங்க. அப்புறம் நான் பாக்கல."

செத்ததைப் பார்த்தேன் என்று அவரும் சொல்லவில்லை. சடலம் இல்லை, சாம்பல் இல்லை, கடிதாசி இல்லை. எந்தத் தேதியில் திதி கொடுப்பது? தாலியை எடுப்பதா வேண்டாமா? பொட்டு வைக்கலாமா கூடாதா? இப்படிக் கேள்வியோடு நின்றவள் ஒருத்தி இரண்டு பேர் அல்ல. சயாமுக்கு ஆள் அனுப்பிய தோட்டங்களிலெல்லாம் அப்படி நின்றார்கள். காகிதம் இருந்தால் காகிதத்தைக் கேட்கலாம். கயிற்றை யார் கேட்பது?

ஏழு ஆண்டு தகவல் இல்லாதவரை இறந்தவராகக் கொள்ளலாம் என்பது சட்டம். நம் நாட்டு 1950ஆம் ஆண்டுச் சான்றுச் சட்டத்தில் 108ஆம் பிரிவாக இன்றும் இருக்கிறது. லயத்துப் பெண்ணுக்கு அதை யார் எடுத்துச் சொன்னார்கள்? ஒருவரும் சொல்லவில்லை.

"என் மகன் வந்தா நான் பதில் சொல்றேன்"

மகன் போன பிறகு மாமியாரும் மருமகளும்தான் அந்த வீட்டில். மாமியாருக்குக் காலில் புண் வைத்து எழுந்து நடக்க முடியாமல் போயிற்று. காட்டுக்குப் போய்க் கிழங்கு தோண்டி வந்தவள் மருமகள். அவித்துக் கொடுத்தவளும் அவளே. அடுப்பைத் தொடாதே என்ற நிபந்தனை எந்த நாளில் செத்தது என்று இரண்டு பேருக்கும் நினைவில்லை!

சயாமிலிருந்து வந்த அந்தக் கூட்டாளி விறகு பிளந்து கொடுப்பார், கூரை மாற்றிக் கொடுப்பார், வாசலோடு போய்விடுவார். சில வருஷம் இப்படியே போயிற்று. ஒரு நாள் நேரே அந்தத் தாயாரிடமே போய், "உங்க மருமவள நான் கட்டிக்கிறேன் ஆத்தா" என்று கேட்டுவிட்டார்.

கோவிலில் பஞ்சாயத்து கூடிற்று. அறுத்துக் கட்டுவது நம் மக்களில் பலருக்குப் புதிதல்ல. ஆனால் இங்கே சிக்கல் வேறு. "செத்ததே தெரியாம எப்படிய்யா அறுக்கிறது?" என்றார் ஒரு பெரியவர். "நாளைக்கு அவன் வந்து நின்னா யாரு பதில் சொல்றது?" என்றார் தண்டல். கூட்டம் வாயடைத்து நின்றது.

அந்தத் தாயார் தடியை ஊன்றி எழுந்தார்.

"என் மகன் வந்தா நான் பதில் சொல்றேன். என் அடுப்பத் தொடாதேன்னு சொன்னவ நான். அவ கைக் கஞ்சியிலதான் இந்த உசிரு நிக்குது. எனக்கப்புறம் அவளுக்கு யாரு இருக்கா? நீங்க யாராச்சும் கஞ்சி ஊத்துவீங்களா?"

யாரும் பேசவில்லை.

பெற்ற மகன் செத்துவிட்டான் என்று ஊரறியத் தன் வாயால் ஒப்புக்கொள்வதற்கு அந்தத் தாய்க்கு எவ்வளவு மனம் வேண்டும்! அது வரைக்கும் அவரும் சடக்கைப் பார்த்துக்கொண்டிருந்தவர்தானே?

பழைய கயிற்றை அறுக்கவில்லை. "அறுக்கல தம்பி, அவுத்தாங்க" என்று பாட்டி அழுத்திச் சொல்வார். மாமியாரே முடிச்சை அவிழ்த்து அம்மன் காலடியில் வைத்தார். அதே சந்நிதியில் புதுக் கயிறு ஏறிற்று. அந்தத் தாயார் கடைசி வரை அவர்களோடுதான் இருந்தார். ஒவ்வோர் ஆண்டும் மகாளய அமாவாசையில், கூட்டாளிக்கு எள்ளும் தண்ணீரும் விட்டவர் அந்த இரண்டாவது புருஷன்.

கழற்றாத கயிறு

அதே தோட்டத்தில் நடு லயத்தில் இன்னொரு பாட்டி இருந்தார். அவருடைய புருஷனும் சயாம் போனவர்தான். இவர் கயிற்றைக் கழற்றவே இல்லை. வருஷா வருஷம் ஆடிப் பெருக்குக்குப் புதுக் கயிறு மாற்றுவார்; பூ வைப்பார்; பொட்டு வைப்பார். நாம் விளையாட்டாக, "தாத்தா எப்ப பாட்டி வருவாரு?" என்று கேட்டிருக்கிறோம். அந்த வாயைக் கழுவ வேண்டும் என்று இப்போது தோன்றுகிறது. பாட்டி கோபிக்கவில்லை. "சொல்லிட்டுப் போனவரு, சொல்லாமயா இருப்பாரு?" என்பார்.

அவருக்கு ஒரு மகள். பார்த்தால் சீனத்தி! சீனர்களை ஜப்பான் படை தேடித் தேடிக் கொன்ற காலம். தப்பியவர்கள் பசிக்கு அஞ்சிப் பெண் குழந்தைகளைத் தமிழர் வீடுகளில் கொடுத்துவிட்டுப் போனது பல ஊர்களில் நடந்தது. தோட்டத்துச் சீனக் கடைக்காரர் ஒருவர் ராத்திரியில் கொண்டு வந்து கொடுத்த கைக்குழந்தை அது. தானே பட்டினி கிடந்த பாட்டி மடியை விரித்து வாங்கினார். கஞ்சித் தண்ணீர் ஊற்றி வளர்த்தார். அந்தக் குழந்தை தமிழ்தான் பேசிற்று. வாசலில் கோலம் போட்டது. மாரியம்மனுக்குத் தீச்சட்டி எடுத்தது.

அந்தப் பாட்டி காலமானபோது துக்க வீட்டில் ஒரு வாக்குவாதம். பொட்டோடு அனுப்புவதா, பொட்டை அழிப்பதா? சாத்திரம் தெரிந்தவர்கள் ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். மகள் உள்ளேயிருந்து குங்குமச் சிமிழோடு வந்தாள். "எங்கப்பா செத்தாருன்னு யாரும் வந்து சொல்லல. எங்கம்மா பூவோட பொட்டோடதான் போவாங்க" என்று தாயின் நெற்றியில் தன் கையால் வைத்தாள்.

பார்த்திராத தகப்பனை 'எங்கப்பா' என்று சொன்னவள் அவள். அவளைவிடத் தமிழச்சி யார் என்று நமக்குச் சொல்லத் தெரியவில்லை.

பெயராவது இருக்கட்டும்

ஒருத்தி கயிற்றை அவிழ்த்தாள். ஒருத்தி கடைசி வரை கட்டியிருந்தாள். இதில் யார் சரி என்று நாம் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. இரண்டு பேரையும் அந்தத் தோட்டம் தாங்கிக்கொண்டது. அதுதான் பெரிய விஷயம். எல்லாத் தோட்டமும் அப்படி இருந்தது என்று சொன்னால் அது பொய். 'ரெண்டு கட்டினவ' என்று பழி சுமந்த பெண்கள் உண்டு. செத்தான் என்று நினைத்தவன் திரும்பி வந்து நின்றதால் உடைந்த குடும்பங்களும் உண்டு என்று பெரியவர்கள் சொல்வார்கள். சயாமிலேயே தங்கி அங்கே குடும்பம் நடத்தியவர்களும் உண்டு.

ஆனாலும் ஒன்று நிச்சயம். மணியையும் வருஷத்தையும் மாற்றிய ஜப்பான்காரனால் அந்தக் கயிற்றின் பொருளை மாற்ற முடியவில்லை. அதை மாற்றியவர்களும் காத்தவர்களும் நம் தாய்மார்கள்தாம். பொன் இல்லாதபோது மஞ்சளைக் கட்டினார்கள். சாதி குறுக்கே நின்றபோது கஞ்சிக் கலயத்தால் அதைத் தள்ளினார்கள். பண்பாடு என்று மேடையில் முழங்குகிறோமே, அதைப் பசியோடு காப்பாற்றிக் கொடுத்தவர்கள் இவர்கள்.

காஞ்சனாபுரியில் வெள்ளைக்காரக் கைதிகளின் மயானத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள். பெரும்பாலானவற்றில் பெயர் இருக்கிறது. நம்மவர்களுக்கு அப்படி ஒன்றும் இல்லை. எண்பது ஆண்டு கழித்து 2023இல் அந்த ஊரில் தமிழர்களுக்கென்று ஒரு நடுகல் நட்டார்கள். கல் வந்துவிட்டது. பெயர்கள்?

அந்தப் பாட்டிமார் இன்று இல்லை. ஆனால் அவர்கள் மடியில் வளர்ந்த பிள்ளைகள் இருக்கிறார்கள். அவர்களுக்கும் எழுபது, எண்பது வயதாகிவிட்டது. உங்கள் வீட்டில் அப்படி ஒருவர் இருந்தால் இந்த ஞாயிற்றுக்கிழமை பக்கத்தில் போய் உட்காருங்கள். சயாம் போன தாத்தாவின் பெயர் என்ன, எந்தத் தோட்டம், காத்திருந்த பாட்டியின் பெயர் என்ன என்று கேளுங்கள். ஒரு பள்ளிக்கூட நோட்டில் எழுதி வையுங்கள்.

தேதி தெரியாவிட்டால் பரவாயில்லை. அவர்களுக்கும்தான் தெரியாது.